பன்னிரண்டாம் நாள் காப்பு

கோயம்புத்தூர்க் கடன் வசூல் தீர்ப்பாயத்தின் வராந்தாவில் ஒரு மின்விசிறி தொங்கியது. அது ஓடி அத்தாயி பார்த்ததில்லை. இன்றைக்கும் ஓடவில்லை. விடிகாலை நாலரை மணி பஸ்ஸில் நாமகிரிப்பேட்டையிலிருந்து கிளம்பி, சேலத்தில் மாறி, ஒன்பதே முக்காலுக்கெல்லாம் வந்து பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டாள். இது ஏழாவது வாய்தா. இன்றைக்குத் தீர்ந்துவிடும் என்று வக்கீல் சொல்லியிருந்தார். ஏலம் செல்லாது என்று வந்தால் ஜவ்வரிசி ஆலை அவளுக்கு. செல்லும் என்று வந்தால் கொழுந்தன் செங்கோடனுக்கு.

அவன் எதிர்ப்பெஞ்சில்தான் இருந்தான், மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டையில். பக்கத்தில் பங்காளிகள் இரண்டு பேர். அதில் மூத்தவர் அர்த்தனாரி, ஊரில் எந்தக் காரியத்துக்கும் முன்னால் நிற்கிறவர். ஏலத்துக்கு மூன்று பேருமாகத்தான் பணம் போட்டிருந்தார்கள். அர்த்தனாரி அத்தாயியைப் பார்த்து, "என்னம்மணி, சாப்டாச்சா?" என்று கேட்கவும் கேட்டார். ஆலையைப் பிடுங்க வந்த இடத்திலும் மரியாதைக்கு மட்டும் குறைவில்லை. அவள் தலையை மட்டும் அசைத்தாள்.

புருஷன் நல்லுசாமி புது மிஷினுக்கென்று வாங்கிய கடன். ஜவ்வரிசி விலை விழுந்தது, வட்டி ஏறியது, ஒருநாள் காலை ஆலையில் மரவள்ளிக்கிழங்குப் பால் தேங்கும் தொட்டிக்குப் பக்கத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அவரும் விழுந்தார். அது போன வருஷம் ஜனவரி இரண்டாம் தேதி. பெங்களூரில் கட்டிக்கொடுத்த ஒரே பெண். மகன் இல்லை. தம்பி செங்கோடன்தான் கொள்ளி வைத்தான்.

அதன்பிறகு அத்தாயி வங்கியோடு மல்லுக்கட்டி, தொண்ணூற்று மூன்று லட்சத்தில் கணக்கை முடித்துக்கொள்ள எழுதி வாங்கினாள். மூன்று தவணை. இரண்டு தவணையை மஞ்சள் விற்ற பணமும் நகையும் அடைத்தன. மூன்றாவது தவணைக்கு ஒன்பது லட்சம் குறைந்தது. செங்கோடனிடம் போய்க் கேட்டாள். "பஸ்ஸுக்குக்கூடக் காசில்லீங்க நங்கை" என்றான். அண்ணன் பெண்டாட்டியை எப்போதும் அப்படி வாய் நிறைய நங்கை என்றுதான் கூப்பிடுவான். மரவள்ளிக் குச்சிக்கிழங்கு போட்டிருந்த காட்டில் இரண்டு ஏக்கரை விற்று அவள் பணத்தைக் கொண்டுபோனபோது கெடு தாண்டிப் பதினோரு நாள் ஆகியிருந்தது. ஒப்பந்தம் காலாவதி என்று வங்கி பணத்தைத் திருப்பிவிட்டது. பிப்ரவரி ஐந்தாம் தேதி ஏலம். ஒரு கோடியே நாற்பது லட்சத்துக்கு ஆலையை எடுத்தது யாரென்று கேட்டபோது, பஸ்ஸுக்குக் காசில்லாத கொழுந்தனின் பெயர் வந்தது. இரண்டு நாள் அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

வழக்கில் அவளுக்கிருந்த பிடிமானம் ஒன்றே ஒன்று. ஏல அறிவிப்பைச் சொத்தின்மேல் ஒட்டிய நாளிலிருந்து முப்பது நாள் விட்டுத்தான் ஏலம் விட வேண்டும். ஜனவரி மூன்றாம் தேதியே ஆலை கேட்டில் ஒட்டிவிட்டோம் என்று வங்கி சொன்னது, போட்டோவும் கொடுத்திருந்தது. அத்தாயியோ பொங்கல் விடுமுறை முடிந்து பதினெட்டாம் தேதி ஆலையைத் திறந்தபோதுதான் அந்தக் காகிதத்தைக் கண்டாள். இது அவள் வாய்ச்சொல். அது வங்கியின் போட்டோ. எது எடுபடும் என்பது தெரிந்த கதைதான்.

ஆனால் போன வாய்தாவில் அந்தப் போட்டோவின் நகலை வாங்கிக் கண்ணுக்கருகில் வைத்துப் பார்த்தவள் அவள்தான். கேட்டில் நோட்டீஸ். நோட்டீஸுக்கு மேலே, கம்பியில் செருகிய ஒரு கொத்து.

"இது என்னம்மா, திருஷ்டிக்கு வேப்பிலையா?" என்று அவளுடைய வக்கீல் ஐசக் கேட்டார். நாகர்கோவில்காரர், அவருக்குத் தெரியாது.

"காப்புங்க. பூளைப்பூவும் ஆவாரையும் வேப்பிலையும் சேத்துப் போகியன்னிக்குச் சாயங்காலம் கட்டுவோமுங்க. வீட்டுக்கு, காட்டுக்கு, பட்டிக்கு, மில்லுக்கு. போகிக்கு முந்தி ஒருத்தரும் கட்ட மாட்டாங்க. மூணாந்தேதி எடுத்த படத்துல காப்பு எப்படிங்க வரும்?"

ஐசக் நாற்காலியை விட்டு எழுந்தே போய்விட்டார். "ஏம்மா, இத ஏழு மாசமா வயித்துக்குள்ளயா வச்சிருந்தீங்க?"

"நீங்க இன்னிக்குத்தானுங்க போட்டோவக் காட்டுனீங்க."

அன்றைக்குத் தீர்ப்பாயத்தில் அதைச் சொன்னதும் வங்கித் தரப்பு ஆடித்தான் போனது. அசல் படத்தைக் கேட்டால், படமெடுத்த அதிகாரி ஆந்திரப் பக்கம் மாற்றலாகிப் போய்விட்டார், அந்தப் போனும் இப்போது இல்லை என்றார்கள். நகலோ கறுப்பு வெள்ளை. பூ பச்சையா காய்ந்ததா என்று பிரம்மாவாலும் சொல்ல முடியாது. பதில் சொல்ல வங்கி ஒரு வாரம் கேட்டு வாங்கியிருந்தது. அந்தப் பதில்தான் இன்று வருகிறது.

பத்தரைக்கு ஐசக் வேர்த்து விறுவிறுத்து வந்தார். கையில் நாலு தாள்.

"இப்பத்தான் குடுத்தாங்க. உங்க கொழுந்தனோட பிரமாண வாக்குமூலம். இங்கிலீஷ்ல இருக்கு, நான் தமிழ்ல சொல்லுதேன், கேளுங்க." விரலை வைத்து நிறுத்தி நிறுத்திப் படித்தார். "‘மேற்படி படத்தில் காணும் காப்பு என்னும் கொத்தை நானேதான் கட்டினேன். போன வருடத்துப் போகி அன்று கட்டினேன். எங்கள் வழக்கப்படி அது மறுவருடம் வரை கேட்டிலேயே தொங்கும்.’ அவ்வளவுதாம்மா. பழைய காப்புன்னுட்டாரு. நம்ம பிடியே போச்சு."

ஒரு வருஷம் தொங்கும் என்பது உண்மைதான். அடுத்த போகிக்குப் புதுசு கட்டும்போதுதான் பழசை எடுத்துப் போடுவார்கள்.

"இன்னொரு தடவ படிங்க. எந்த வருசத்துப் போகி?"

"போன வருஷம்."

அவள் விரல்களை மடக்கினாள். இரண்டாம் தேதி சாவு. எண்ணிக்கொண்டே போனாள். பதின்மூன்றாம் தேதிப் போகி பன்னிரண்டாவது மடக்கில் வந்து நின்றது.

"ஏனுங்க, அன்னிக்கு அவங்கண்ணன் செத்துப் பன்னெண்டாம் நாளுங்க. கருமாதிக்கு இன்னும் நாலு நாள் கெடந்துச்சு. கொள்ளி வெச்சவன் அவன். மொட்டத் தலையோட மில்லு ஆபீஸ் ரூமுல பாயப் போட்டுக் கெடந்தான். அந்த வருசம் எங்களுக்குப் பொங்கலே கெடையாது. காப்பாவது, கட்டறதாவது! பழைய காப்பக்கூட அவந்தான் பிடுங்கிப் போட்டான். இதுல இருக்கறது இந்த வருசம் அவன் கட்டுனது. கட்டிப்போட்டு வந்து எங்கையால காப்பி வாங்கிக் குடிச்சுட்டுப் போனானுங்க."

ஐசக் தாடையைத் தடவினார். "நான் நம்புதேன். ஆனா சாவு வீட்ல காப்புக் கட்ட மாட்டோம்கிறது உங்க வழக்கம். அத நான் எடுத்துச் சொன்னா, சட்டப் புத்தகத்துல எங்கயிருக்குன்னு கேப்பாங்க. அது அவர் வாயால வரணும். ஆளையே கூப்பிட்டு நேர்ல கேக்கச் சொல்லுதேன். ஒண்ணு மட்டும் சொல்லுதேம்மா. அதுவரைக்கும் அவர்கிட்ட நீங்க மூச்சு விடக்கூடாது. முன்னாலயே தெரிஞ்சா உஷாராயிருவாரு. வாட்ச்மேன் கட்டினான், அவன் கட்டினான்னு ஆயிரம் சொல்லலாம்."

வழக்கு பன்னிரண்டு மணிக்கு வந்தது. தலைமை அதிகாரி ஓர் அம்மாள், மதுரைப் பக்கம், எதையும் இரண்டு முறை படிக்காமல் விடமாட்டார். வங்கியின் வக்கீல் சென்னியப்பன் கோபிச்செட்டிபாளையத்துக்காரர், காப்பு என்றால் என்னவென்று அத்தாயியைப்போலவே அறிந்தவர். அவர் வாக்குமூலத்தை உயர்த்திப் பிடித்து, காப்பு விவகாரம் இத்தோடு முடிந்தது என்றார். ஐசக் எழுந்து, வாக்குமூலம் தந்தவரை நேரில் கேட்க வேண்டும் என்றார். அம்மாள் கண்ணாடிக்கு மேலாக இருவரையும் பார்த்தார்.

"ரெண்டரைக்கு வரட்டும். கேட்டுட்டு இன்னிக்கே முடிச்சிரலாம்."

சாப்பாட்டுக்குப் போன ஐசக், போகும்போதும் உதட்டில் விரலை வைத்துக் காட்டிவிட்டுப் போனார். அத்தாயி கொண்டுவந்த புளிச்சோற்றுப் பொட்டலத்தைப் பிரிக்கவில்லை. தெருவுக்கு அந்தப்பக்கம் மெஸ் வாசலில் செங்கோடன் கை கழுவிக்கொண்டிருந்தான்.

பேசாமல் இருந்தால் போதும். இரண்டரை மணிக்கு அவன் கண்ணைக் கட்டிக்கொண்டு வந்து விழுவான். எழுதிக் கொடுத்ததையே திருப்பிச் சொல்வான். ஐசக் அடுத்த கேள்வியைக் கேட்பார். அர்த்தனாரி முன்னால், ஊர் முன்னால், செத்த அண்ணனுக்குக் கருமாதிகூட முடியாமல் பண்டிகை கொண்டாடியவன் என்று ஆகிவிடும். நாய்க்கு நன்றாக வேண்டும். ஏழு மாசமாக அவளைக் கோர்ட்டுப்படி ஏறவிட்டவர்களுக்கு எது வந்தாலும் தகும்.

அப்படித்தான் நினைத்தாள். ஆனால் கண்ணில் வந்து நின்றதென்னவோ அந்த மொட்டைத் தலை. சுடுகாட்டிலிருந்து வந்து ஆலை வாசலில் நின்று, "அண்ணன் போயிருச்சு நங்கை" என்று வாய் கோணி அழுத அந்த முகம். அன்றைக்கு அவன் அழுதது பொய்யில்லை என்று அவளுக்குத் தெரியும். எரிச்சலாக வந்தது. எழுந்து தெருவைக் கடந்தாள்.

"செங்கோடா. இப்படிக் கொஞ்சம் வா."

அர்த்தனாரி நிமிர்ந்து பார்த்தார். செங்கோடன் துண்டில் கையைத் துடைத்தபடி வந்தான். பெட்டிக்கடை நிழலுக்கு அழைத்துப் போனாள்.

"என்ன எழுதிக் குடுத்திருக்கேன்னு தெரியுமா உனக்கு?"

"பேங்க் வக்கீலுகிட்ட இருக்கற பையன் போன்ல கேட்டான். காப்பு யாரு கட்டுனதுன்னான். நாந்தான்னேன். எழுதியாந்தான், கையெழுத்துப் போட்டேன்."

"படிச்சியா?"

"இங்கிலீசுல இருந்துச்சுங்க." சட்டென்று அவனுக்குக் கோபம் வந்தது. "நீங்க பெரிசாப் படிச்சீங்களாக்கும்? பேங்க்ல அண்ணன் கையெழுத்துப் போடச் சொன்னப்ப அம்பது பக்கத்துல போட்டீங்களே, ஒரு வரி படிச்சீங்களா?"

"படிக்கல. அதான் இந்த வெய்யில்ல இங்க வந்து நிக்கறேன்." அவள் குரலைத் தாழ்த்தினாள். "போன வருசத்துப் போகிக்குக் காப்புக் கட்டுனேன்னு எழுதியிருக்குது. போன வருசம்."

"அதுக்கென்ன, எந்த வருசமா இருந்தா..." என்று ஆரம்பித்தவன் நிறுத்தினான். அவன் முகத்தில் கணக்கு ஓடுவதை அவள் பார்த்துக்கொண்டே நின்றாள். அவளுக்கு விரல் மடக்க வேண்டியிருந்தது, அவனுக்கு அதுகூடத் தேவைப்படவில்லை. பதினாறு நாளும் ஈரத்துணியோடு நின்றவன் அவன்.

"பன்னெண்டாம் நாள்" என்றாள்.

"மெரட்டறீங்களா?"

"மெரட்டறவளா இருந்தா அர்த்தனாரிய வெச்சுக்கிட்டு மெரட்டியிருப்பேன். தனியாக் கூப்பிட்டேன் பாரு, எம்புத்தியத்தான் செருப்பால அடிக்கோணும்."

"நங்கை, ஏலத்தொகையில கால்வாசி, முப்பத்தஞ்சு லட்சம் கட்டியிருக்கேன். மூணு பேரோட காசு. மில்லு எப்படியும் ஏலத்துக்குப் போகத்தான் போவுது, வெளியாளுக்குப் போறதுக்கு நாமளே எடுப்போம்னுதான்..."

"ஒம்பது லட்சம். அத அன்னிக்குக் குடுத்திருந்தா ஏலமே இல்ல. அது பத்தி இப்பப் பேச வரல. உள்ள கூப்பிட்டு உன்னையக் கேப்பாங்க. கேக்கறப்ப என்ன சொல்லப் போறேன்னு நீயே முடிவு பண்ணிக்க. படிக்காமக் கையெழுத்துப் போட்டேன்னு நாளைக்கு யாருகிட்டயும் சொல்ல முடியாது. நான் படிச்சுச் சொல்லிட்டேன்."

திரும்பி நடந்தாள். செய்தது எவ்வளவு பெரிய முட்டாள்தனம் என்று தெருவின் பாதியில்தான் உறைத்தது. எல்லாவற்றையும் தூக்கி அவன் கையில் கொடுத்துவிட்டு வந்திருக்கிறாள். இனி அரைமணி நேரம் இருக்கிறது அவனுக்கு, பக்கத்திலேயே வக்கீல் இருக்கிறார்.

அது அப்படியேதான் நடந்தது. இரண்டேகாலுக்கு வராந்தாவின் கோடியில் செங்கோடன் சென்னியப்பனிடம் குனிந்து எதையோ சொன்னான். சென்னியப்பன் கட்டைப் பிரித்துப் பக்கங்களைத் தள்ளினார். ஓரிடத்தில் நின்றார். நல்லுசாமியின் இறப்புச் சான்றிதழாகத்தான் இருக்கும். அந்தத் தேதியையே கொஞ்சநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு செங்கோடனிடம் ஏதோ கேட்டார், அவன் இல்லையென்று தலையாட்டினான், அவர் மறுபடி ஏதோ சொன்னார்.

"சொல்லிட்டீங்களா?" ஐசக் அவளுக்குப் பக்கத்தில் வந்து நின்றிருந்தார்.

"சொல்லிட்டனுங்க."

ஐசக் திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை. கையிலிருந்த பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு உள்ளே போனார்.

இரண்டரைக்குக் கூப்பிட்டார்கள். செங்கோடன் முன்னால் வந்து நின்றான். பின்வரிசையில் அர்த்தனாரியும் மற்றவரும். அம்மாள் வாக்குமூலத்தை இரண்டு முறை படித்தார்.

"இது உங்க கையெழுத்துதானா?"

"ஆமாங்கம்மா."

"இந்தப் படத்துல கேட்ல தொங்குதே, இந்தக் காப்பு. நீங்க கட்டினதா?"

"ஆமாங்கம்மா. நாந்தான் கட்டுனேன்."

"எப்போ கட்டினீங்க?"

செங்கோடன் சென்னியப்பனைப் பார்த்தான். சென்னியப்பன் மேசையிலிருந்த காகிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார், நிமிரவில்லை. கோபிக்காரர், அவருக்கும் ஒரு ஊர் இருக்கிறது, பங்காளிகள் இருக்கிறார்கள். இதில் ஒரு வார்த்தை எடுத்துக்கொடுக்க அவருக்கும் நா எழவில்லை போலிருக்கிறது.

"சொல்லுடா" என்றார் பின்னாலிருந்து அர்த்தனாரி, மெதுவாக. "எழுதுனதத்தான கேக்கறாங்க. போன வருசம்னு சொல்லு."

அத்தாயி முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டாள். ‘போன’ என்று ஒரு சொல் வந்தால் முடிந்தது. பால் தொட்டி, களம், கொதிகலன், அவர் உட்கார்ந்து சீட்டு எழுதிய மேசை, எல்லாம் முடிந்தது. சொல்லிவிடுவான். முப்பத்தைந்து லட்சத்துக்கு எவன்தான் சொல்லமாட்டான்?

"போன வருசம்..." என்றான் செங்கோடன்.

அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"போன வருசம் போகிக்கு எங்கண்ணன் செத்துப் பன்னெண்டாம் நாளுங்கம்மா." குரல் உடைந்து, செருமிக்கொண்டான். "கொள்ளி வெச்சவன் நானு. கருமாதிகூட ஆகல. நான் எப்படிங்க காப்புக் கட்டுவேன்? எழுதுனது தப்புங்க. இந்த வருசம் கட்டுனது. இந்தப் பொங்கலுக்கு முந்தின போகிக்கு."

அர்த்தனாரி தலையைக் குனிந்துகொண்டார். கருமாதிக்கு முன்னால் காப்புக் கட்டினேன் என்று சொல்லடா என அவராலும் தூண்ட முடியாது.

"நீங்க கட்டும்போது கேட்ல நோட்டீஸ் இருந்துச்சா?"

"இல்லீங்கம்மா. வெறுங் கேட்டு."

அம்மாள் பேனாவைக் கீழே வைத்தார். படிக்காமல் சத்தியம் செய்வது என்ன பழக்கம் என்று செங்கோடனைப் பிடிபிடியென்று பிடித்தார். அவன் கையைக் கட்டிக்கொண்டு கேட்டான். பிறகு அவர் சென்னியப்பனிடம், போகிக்கும் பிப்ரவரி ஐந்துக்கும் எத்தனை நாள் என்று கேட்டார். முப்பது வராது என்று அந்த வக்கீலே ஒப்புக்கொண்டார். அதன்பின் உத்தரவு கடகடவென்று வந்தது. ஏலம் ரத்து. ஏலத்தில் எடுத்தவர்கள் கட்டிய பணத்தை வங்கி திருப்பித் தரவேண்டும். கடைசித் தவணையைத் தாமத வட்டியோடு பதினைந்து நாளில் கட்டினால் பழைய ஒப்பந்தப்படி கணக்கை முடித்துப் பத்திரத்தைக் கொடுக்க வேண்டும்.

"பணம் இருக்காம்மா?" என்று அம்மாள் நேராக அத்தாயியையே கேட்டார்.

"இருக்குதுங்க. அப்ப இருந்தே இருக்குதுங்க."

வெளியே வந்ததும் ஐசக் அவள் கையைப் பிடித்துக் குலுக்கோ குலுக்கென்று குலுக்கினார். "உங்கள மாதிரி ஒரு கட்சிக்காரங்க வேண்டவே வேண்டாம்மா எனக்கு" என்றார், பல்லெல்லாம் தெரிய. அவள் சிரிக்கப் பார்த்தாள், அழுகைதான் வந்தது. நல்லுசாமி செத்த அன்று வராத அழுகையெல்லாம் அந்த ஓடாத மின்விசிறிக்குக் கீழே வந்தது.

படியிறங்கும்போது அர்த்தனாரியும் மற்றவரும் செங்கோடனை விட்டுவிட்டு முன்னால் போய்க்கொண்டிருந்தார்கள். அவன் கேட்டருகே தனியாக நின்றான். அவள் வந்ததும் வழிவிட்டு ஒதுங்கினான்.

"நங்கை."

அவள் நின்றாள்.

"வர்ற போகிக்கு..." என்றவன் முழுசாகக் கேட்கமுடியாமல் கையிலிருந்த துண்டை முறுக்கினான். "நான் வரட்டுங்களா, காப்புக் கட்ட?"

வரவே வராதே என்று சொல்ல வாயெடுத்தாள். ஒன்பது லட்சமும் பஸ்ஸுக்குக் காசில்லை என்றதும் அப்படியேதான் நெஞ்சில் கிடந்தன, கொஞ்சமும் கரையவில்லை. தீர்ப்பாயத்துக்குள் அவன் செருமியதும் அங்கேயேதான் கிடந்தது.

"மில்லுக் கேட்டுக்கு மட்டும் கட்டு" என்றாள். "வீட்டுக்கு நானே கட்டிக்குவேன்."

அவன் தலையாட்டினான். அவள் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் நடந்தாள். அவன் கூட வரவில்லை.